காப்பு அவிழ்த்த பின் ஒன்பது நாள்

எங்கள் வம்சத்துக்கு மன உறுதி கிடையாது. இதை நான் வெட்கப்பட்டுச் சொன்னதேயில்லை, கொஞ்சம் பெருமையாகத்தான் சொல்லி வந்தேன். அப்பா ஒவ்வொரு தீபாவளிக்கும் பீடியை விடுவார், மறுநாள் காலையில் பற்ற வைப்பார். சித்தப்பா வெற்றிலையை விட்டதாகச் சொல்லிக்கொண்டே வெற்றிலை மென்றார். எனக்கு வாய்த்தது சீனி. ஒரு நாளைக்கு எட்டுத் தேத்தண்ணி, ஒவ்வொன்றிலும் மூன்று கரண்டி.

பலாங்கொடை பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் உள்ள சந்தில் எனக்கு ஒரு தையல் கடை. வீடு மேலே தேயிலைத் தோட்டத்தில். மனைவி அங்கே கொழுந்து எடுக்கப் போகிறாள். நான் காலை பஸ்ஸில் இறங்கி, மாலை பஸ்ஸில் ஏறுகிறேன். கடைக்கு நேர் எதிரே ஒரு முஸ்லிம் அண்ணனின் தேத்தண்ணிக் கடை, எல்லோருக்கும் அவர் நானா. நான் மெஷினில் உட்கார்ந்து நூல் கோத்து முடிப்பதற்குள் அவரே கிளாஸைக் கொண்டுவந்து வைத்துவிடுவார். எட்டுத் தேத்தண்ணிக்கும் என்னை விட அவர்தான் பொறுப்பு என்று பல காலம் நம்பிக்கொண்டிருந்தேன்.

போன வருடம் இஸ்திரிப்பெட்டி வலது காலின் கட்டை விரல் மேல் விழுந்தது. சின்னக் காயம்தான், ஆனால் ஆறவில்லை. ஒரு மாதம் மஞ்சள் பூசினேன், பிறகு கண்ட களிம்பையெல்லாம் பூசினேன். விரல் கறுக்கத் தொடங்கிய பிறகுதான் மனைவி என்னை இழுத்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போனாள். கிளினிக்கில் இருந்த டாக்டர் அம்மா இளவயதுக்காரர். இரத்தப் பரிசோதனைத் தாளைப் பார்த்தார், என் விரலைப் பார்த்தார், பிறகு சிங்களத்தில் பொறுமையாகச் சொன்னார். மூன்று வாரம் தருகிறேன், மாத்திரையை ஒழுங்காகப் போட வேண்டும், சீனி இறங்க வேண்டும். இறங்காவிட்டால் விரலை எடுத்துவிடுவோம். நான் வாசலைத் தாண்டும்போதும் ஆள்காட்டி விரலை ஆட்டி, "சீனி எப்பா, மாத்தயா", சீனி வேண்டாம் ஐயா, என்றார்.

எனக்குப் பயம் வந்தது உண்மை. அந்த விரலால்தான் மெஷினை மிதிக்கிறேன். ஆனால் பயத்தை விடக் கோபம்தான் அதிகமாக வந்தது. நானாவிடம் சொன்னபோது அவர், "மெஷினுக்கு ஒரு மோட்டார பூட்டினா சரிதானே, டெய்லர்" என்றார். விரலுக்குப் பதிலாக மோட்டாரா என்று அவரோடு அரை மணி நேரம் சண்டை போட்டேன். சண்டை முடிந்ததும் களைப்புத் தீர ஒரு தேத்தண்ணி குடித்தேன். சீனி போட்டுத்தான்.

வீட்டில் மனைவியிடம் கையை விரித்துவிட்டேன்.

"என்னால முடியாது புள்ள. எங்கப்பனால முடிஞ்சிச்சா? இது இரத்தத்துல வர்றது."

அவள் கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். நிமிரவில்லை.

"ஏங்க, திருவிழாவுக்கு காப்புக் கட்டுனா பத்து நாளு கருவாட்டு வாசத்துக்குக்கூட திரும்ப மாட்டீங்களே. அது யாரு இரத்தம்?"

"அது அம்மன் சக்தி. அவ குடுக்குறா."

"போன வருசம் அந்த ஆட்டோக்காரத் தம்பியும்தான் காப்புக் கட்டுச்சு. கட்டுன கையோட பஸ் ஸ்டாண்டுல முட்டை ரோல் தின்னுச்சே. அதுக்கு மட்டும் அம்மன் ஏன் குடுக்கல?"

பதில் வராதபோது நான் செய்யும் வேலையைச் செய்தேன், குரலை உயர்த்தினேன். அவள் கீரையை எடுத்துக்கொண்டு அடுப்படிக்குப் போய்விட்டாள்.

ஆனால் அவள் சொன்னதில் எனக்கு ஒரு வழி தெரிந்தது. இன்னும் இரண்டு நாளில் தோட்டத்து மாரியம்மன் கோயில் திருவிழா. கருவாட்டோடு சேர்த்துச் சீனியையும் காப்புக்குள் போட்டுவிட்டால் பாரம் அம்மன் தலையில். அந்த இரண்டு நாளும் நான் சீனியைக் குறைக்கவில்லை, பத்துத் தேத்தண்ணி குடித்தேன். இனிமேல் கிடைக்காதே என்ற கவலைதான்.

காப்புக் கட்டும் நாளில் பூசாரி முன்னால் வலது கையை நீட்டினேன்.

"சாமி, இந்த வாட்டி சீனியும் சேத்துத்தான் விரதம்."

பூசாரி மஞ்சள் கயிற்றைக் கையில் பிடித்தபடி யோசித்தார். "பொங்கல் வச்சா அதுல சர்க்கரதானே போடுறோம். பிரசாதத்த வேணாம்னா சொல்லுவ?"

"நெத்தியில ஒத்திக்கிட்டு இவகிட்ட குடுத்துர்றேன் சாமி."

பின்னால் நின்ற மனைவி தலையாட்டினாள். பூசாரி கட்டிவிட்டார். மஞ்சள் துண்டு மணிக்கட்டில் தொங்கியது. பத்து நாளும் சீனியை நான் நினைக்கவேயில்லை என்று சொன்னால் யாரும் நம்ப மாட்டார்கள், ஆனால் அதுதான் நடந்தது. நானா பாலும் சீனியும் இல்லாத வெறும் பிளேன்டியைக் கொண்டுவந்து வைத்துவிட்டு என் முகத்தைப் பார்ப்பார். நான் குடித்துவிட்டுக் கிளாஸைத் திருப்பிக் கொடுப்பேன். நாக்கு கேட்கவில்லை. அம்மனின் சக்தியை நினைத்து எனக்கே புல்லரித்தது.

பத்தாம் நாள் மஞ்சள் நீர் விளையாட்டு முடிந்து, காப்பு அவிழ்க்க வரிசை நின்றது. கிளினிக்குக்கு இன்னும் ஒன்பது நாள் இருந்தது. என் முறை வந்ததும் கையைப் பின்னால் கட்டிக்கொண்டேன்.

"சாமி, எனக்கு மட்டும் ஒம்பது நாள் கழிச்சு அவுங்க."

"கட்டுனா அவுக்கணும். திருவிழா முடிஞ்சிருச்சு. அம்மனுக்கே அவுத்தாச்சு, ஒனக்கு என்ன தனியா?"

வரிசையில் நின்றவர்கள் சிரித்தார்கள். எல்லோரும் தலை முதல் கால் வரை மஞ்சளாக இருந்ததால் யார் சிரித்தது என்று பார்த்துத் திட்டக்கூட முடியவில்லை. பூசாரி என் கையை இழுத்துக் கயிற்றை அவிழ்த்தார். மணிக்கட்டு வெறுமையாக இருந்தது. அப்போது விரல் போனது போனதுதான் என்று எனக்குத் தோன்றியது. மனசு மிகவும் சோர்ந்துவிட்டது.

மறுநாள் கடையைத் திறந்ததும் நானா ஒரு பெரிய கிளாஸோடு வந்தார். இனிப்பான டின்பால் ஊற்றிய தேத்தண்ணி, மேலே நுரை. பத்து நாள் விரதம் இருந்த மனிதனுக்கு மரியாதை செய்ய வந்திருக்கிறார். வேண்டாம் என்று சொல்ல வாயைத் திறந்தேன், திறந்த வாயால் குடித்துவிட்டேன். கடைசிச் சொட்டு வரைக்கும். மிகவும் நன்றாக இருந்தது.

இதற்கு முன்னால் எத்தனையோ முறை சீனியை விட்டிருக்கிறேன். ஒவ்வொரு முறையும் இதே இடத்தில்தான் கவிழ்ந்தேன். ஒன்று குடித்தால் போதும், இன்றைக்குப் போச்சு, நாளைக்குப் பார்ப்போம் என்று மீதி ஏழையும் குடித்துவிடுவேன். நாளைக்கு என்பது அடுத்த மாதத்தில் வரும். அன்றைக்கும் அந்தச் சத்தம் மனதுக்குள் கேட்டது. அம்மன் போய்விட்டாள், பழைய ஆள் திரும்பி வந்துவிட்டான், இன்னொன்று கொண்டுவரச் சொல்.

கையில் ஒரு பள்ளிக்கூடப் பிள்ளையின் வெள்ளைச் சட்டை இருந்தது. யோசனையில் மிதித்ததால் கழுத்துப் பட்டி ஒரு விரற்கடை கோணிவிட்டது. வழக்கம் போல ஊசியை எடுத்து அந்த விரற்கடைத் தையலை மட்டும் பிரிக்கத் தொடங்கினேன். பாதி பிரித்திருப்பேன், எனக்குக் கோபம் வந்தது. என் மேல்தான். முப்பது வருடமாகத் தைக்கிறேன். எத்தனை சட்டை கோணியிருக்கிறது. ஒன்றையாவது, போச்சு என்று கிழித்து எறிந்திருக்கிறேனா? ஊரான் பிள்ளையின் சட்டைக்குக் காட்டிய பொறுமையை என் விரலுக்கு நான் காட்டவில்லை. அதை நினைக்க எனக்கு அழுகை வந்தது. கோணலைப் பிரித்துத் திரும்பத் தைத்து முடித்தேன்.

பத்தரை மணிக்கு நானா மறுபடியும் கிளாஸோடு வந்தார்.

"சீனி போடாமக் கொண்டாங்க நானா."

"காப்புத்தான் அவுத்தாச்சே, டெய்லர்."

"கயித்தத்தான் அவுத்தாங்க. கை அப்படியேதான் இருக்கு."

அவர் கிளாஸைத் திருப்பி எடுத்துப் போனார். வெறும் பிளேன்டி வந்தது. குடிக்கக் கஷ்டமாகத்தான் இருந்தது. திருவிழாவின்போது இல்லாத கஷ்டம். நாக்கு கேட்டது, நான் கொடுக்கவில்லை.

சாயங்காலம் மனைவியிடம் ஒப்புக்கொண்டேன்.

"டின்பால் போட்டு ஒரு தேத்தண்ணி குடிச்சிட்டேன்."

"அப்புறம்?"

"அப்புறம் இல்ல."

அவள் சோற்றைப் போட்டு, கருவாட்டுக் குழம்பில் இருந்த பெரிய துண்டைத் தேடி எடுத்து என் தட்டில் வைத்தாள்.

அந்த ஒன்பது நாளில் இன்னும் இரண்டு முறை சறுக்கினேன். ஒன்று கலியாண வீட்டு லட்டு, இன்னொன்று எந்தச் சாக்கும் சொல்ல முடியாதது. இரண்டு முறையும் அந்த விரற்கடையோடு நிறுத்திக்கொண்டேன்.

கிளினிக்கில் டாக்டர் அம்மா விரலில் சுற்றியிருந்த துணிக்கட்டைப் பிரித்தார். மனைவி என் தோளைப் பிடித்திருந்தாள். டாக்டர் அம்மா விரலை நாலு பக்கமும் அழுத்திப் பார்த்துவிட்டு, தாளையும் பார்த்துவிட்டு, "ஹொந்தாய்" என்றார். சிரித்துக்கொண்டே சொன்னதால் நல்ல செய்தி என்று மனைவிக்கும் உடனே புரிந்தது. விரலை எடுக்க வேண்டியதில்லை. எப்படிச் செய்தீர்கள் என்று கேட்டார். எங்கள் அம்மன் என்று தொடங்கினேன். மனைவி தோளை அழுத்தினாள்.

"பத்து நாளு அம்மன். மிச்சம் ஒம்பது நாளு யாருன்னு சொல்லுங்க."

சந்தோஷமாக இருந்தது, கொஞ்சம் இழப்பாகவும் இருந்தது. அப்பாவிடமிருந்து எனக்கு வந்த ஒரே சொத்து, எல்லாம் இரத்தத்தில் வருவது என்ற அந்தச் சாக்குத்தான். அதை ஒன்பது நாளில் தொலைத்துவிட்டேன்.

இந்த வருடத் திருவிழாவில் பூசாரி கயிற்றோடு என்னைப் பார்த்துச் சிரித்தார்.

"என்ன, சீனிக்கும் சேத்துக் கட்டவா?"

"வேணாம் சாமி. சீனிய நானே பாத்துக்கிறேன்."

பின்னால் இருந்து மனைவியின் குரல் வந்தது. "கோவத்துக்குக் கட்டச் சொல்லுங்க. கடைக்கு வர்ற சனத்தயெல்லாம் திட்டுறீங்க."

நான் சட்டென்று திரும்பினேன். "கோவத்த என்னால விட முடியாது புள்ள. அது எங்க வம்சத்து..."

பாதியில் நிறுத்திவிட்டேன். பூசாரி காத்திருந்தார். மனைவி புடவைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டு என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். நான் கையை நீட்டி, கோபத்துக்கும் சேர்த்துக் கட்டச் சொன்னேன்.