ரோஸி எந்தக் குரலுக்குச் சாப்பிடும்?

நாய் விடுதி வேலையில் நாய்கள் கடிப்பதில்லை. அவற்றைக் கொண்டுவந்து விடுகிறவர்கள்தான் கடிப்பார்கள். பள்ளி முடித்து, ரிசல்ட் வரும்வரை ஏதோ ஒரு கடையில் மாட்டிக்கொண்ட என் இனத்தவரே, உங்களுக்கு இது புரியும். எனக்கு வாய்த்தது குருண் ஊரில் ஜோசப் அண்ணன் நடத்தும் நாய் விடுதி. வெளியூர் போகிறவர்கள் நாயை எங்களிடம் விட்டுப் போவார்கள். எனக்கோ, யார் பேசினாலும் அதே மாதிரி பேசிக் காட்டாவிட்டால் தொண்டை அரிக்கும்.

முதலாளி வந்துட்டார்!

ஒரு மத்தியானம் ஜோசப் அண்ணன் வெளியே போயிருந்தார். கூண்டு கழுவும் சுரேஷ் அண்ணன் போனில் பந்து விளையாட்டு பார்த்துக்கொண்டிருந்தார். நான் கதவுக்குப் பின்னால் நின்று, முதலாளி மாதிரியே மூக்கால், "என்னாப்பா, எல்லாம் ஓகேயா?" என்றேன். நாய்கள் அத்தனையும் வாலாட்டிக்கொண்டு கதவை நோக்கிப் பாய்ந்தன. சுரேஷ் அண்ணன் துடைப்பத்தை நோக்கிப் பாய்ந்தார். நான் சிரித்துக்கொண்டே எட்டிப் பார்த்ததும் முறைத்தார்: "நாய்ங்களுக்கு அவரு வந்தா சோறு. எனக்கு வேலைலா, தங்கச்சி!"

தேன் குரல்

ஜித்ரா ஊர் மாலா அக்கா, கணவரோடு கோலாலம்பூர் கல்யாணத்துக்குப் போகிற வழியில் தன் நாய் ரோஸியை விட வந்தார். "என் தங்கம்ல, சமத்தா சாப்பிடணும்" என்று கொஞ்சினார். கணவர் வாயே திறக்கவில்லை. "கவலைப்படாதீங்கக்கா, நான் பார்த்துக்கறேன்" என்று வாயை விட்டேன்.

அவர்கள் போனதிலிருந்து ரோஸி தட்டைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. அக்காவின் தேன் குரலில் நானும் கொஞ்சினேன். சுவரைப் பார்த்துப் படுத்துக்கொண்டது. மறுநாளும் அதே கதை. எனக்கே சோறு இறங்கவில்லை. ஜோசப் அண்ணன் சொல்லிவிட்டார்: "அக்கா வர்றதுக்குள்ள அது சாப்பிடல, அப்புறம் நீ வீட்ல உட்கார்ந்து மிமிக்ரி பண்ணு."

அசல் குரல்

அன்று மாலை அக்கா போன் செய்தார். ஸ்பீக்கரைப் போட்டுப் பேசினேன். பேச்சு நடுவில் அக்கா கார் சாவியைத் தேடிக் கணவர் பக்கம் திரும்பிவிட்டார்: "ஏன்யா, காடி சாவிய எங்க கொண்டு தொலைச்ச? கண்ணு முதுகுலயா இருக்கு?" சட்டென்று ரோஸி எழுந்தது. காது விறைத்தது, வால் சுழன்றது. விடுவேனா? போனை வைத்ததும் இடுப்பில் கைவைத்து, "ஏய்! சோத்த வச்சு எவ்ளோ நேரமாச்சு? திங்கறியா இல்லியா?" என்று போட்டேன் ஒரு சத்தம். தட்டு காலி. என் வேலையும் பிழைத்தது.

திரும்பி வந்த அக்கா ரோஸியின் தொப்பையைத் தடவி, "எப்படிம்மா சாப்பிட வச்சே?" என்றார். அதே சத்தத்தைப் போட்டுக் காட்டினேன். ரோஸி வாலாட்டியது. அக்கா வெட்கத்தில் தலையைக் குனிந்துகொண்டார். நாற்காலியிலிருந்து துள்ளி எழுந்த கணவர், அப்போதுதான் முதல்முறையாக வாய் திறந்தார்: "வீட்ல நானும் அந்தக் குரலுக்குத்தான்லா சாப்பிட உட்காருறேன்!"

கொஞ்சல் ஊருக்கு, திட்டு சொந்தத்துக்கு என்பது நாய்க்கு எப்போதோ தெரிந்திருக்கிறது. நமக்குத்தான் அதைக் கண்டுபிடிக்க ஒரு நாய் தேவைப்படுகிறது.