எழுபத்தைந்து என்று சொல்லச் சொன்னார்கள்

அன்று காலை உடை மாற்றும் அறையில் இருந்தவர்களைச் சொல்கிறேன்.

கப்டன். கணக்காளர் சோதனைக்குப் படித்துக்கொண்டிருந்தார்.

செயலாளர். பந்து தொட்டதில்லை. கார் வைத்திருந்தார்.

பொருளாளர். இல்ஃபோர்டில் பலசரக்குக் கடை.

பொருளாளரின் மைத்துனன். ஊரிலிருந்து வந்து நாலைந்து மாதம்.

என் அறை நண்பன். இடது பக்கப் பின்வரிசை. என்னோடு பெற்றோல் நிலையத்தில் வேலை செய்தவன்.

மன்னார்ப் பெடியன். எங்களுக்குக் கோல் அடித்துத் தந்தவன்.

மற்ற விளையாட்டுக்காரரையும் கமிட்டிக்காரரையும் தனித்தனியே சொல்லத் தேவையில்லை. எல்லாரும் யாழ்ப்பாணத்தில் ஒரே கல்லூரியில் படித்தவர்கள். அந்தக் கல்லூரியின் பழைய மாணவர் சங்கத்து உதைபந்தாட்ட அணி அது. மன்னார்ப் பெடியன் அங்கே படிக்கவில்லை. நானும் படிக்கவில்லை. நான் எட்டாம் வகுப்போடு நின்றவன்.

நான் கோல் கீப்பர்.

எண்பதுகளின் கடைசி, லண்டன். செப்டெம்பரில் லீக் தொடங்கிய முதல் மட்சில் அவர்களுடைய கீப்பருக்கு விரல் முறிந்தது. வேலிக்கு வெளியே நின்ற என்னை அறை நண்பன் கூப்பிட்டான். "மச்சான், உள்ளுக்கை வா. ஒருத்தனும் கோலுக்கை நிக்க மாட்டானாம்."

நின்றேன். அன்றைக்கு நாங்கள் தோற்கவில்லை.

செயலாளர் தோளில் தட்டினார். "ஊர் எது?"

சொன்னேன்.

"ஓ, பக்கத்து ஊர்தானே. எங்கடை பெடியன்தான்!"

அடுத்த ஞாயிறும் வரச் சொன்னார். பிறகு ஒவ்வொரு ஞாயிறும். சனி இரவு ஷிப்ட் முடித்து, நித்திரை இல்லாமல் வால்தம்ஸ்டோ மைதானத்துக்குப் போவேன். மழை என்றால் கோல் வாசல் குளம். குளிர் என்றால் நிலம் கொங்கிரீட். விழுந்தால் இடுப்புத் தோல் உரியும். வெள்ளைக்காரர் அணிகள் ஆளை ஆள் இடித்து விளையாடும். எங்களுடைய ஆட்கள் பந்தை விட்டுவிட்டு ஆங்கிலத்தில் நியாயம் பேசுவார்கள். பந்து என்னிடம் வரும். மாசியில் நாங்கள் லீக்கில் இரண்டாவது இடம். கப் போட்டியிலும் நின்றோம்.

அந்த நாட்களில் ஒருநாள் காருக்குள் வைத்துச் செயலாளர் கேட்டார். "உங்கடை வீடு கோயிலுக்கு இங்காலையோ, அங்காலையோ?"

"அங்காலை. கடலடிப் பக்கம்."

"ஓ."

அந்த "ஓ" எனக்குத் தெரியும். சின்ன வயதிலிருந்து கேட்ட சத்தம். சாதி என்ற சொல்லை அந்த வருடம் முழுக்க ஒருவரும் வாயால் சொல்லவில்லை. அது வரைக்கும் அவருடைய காரில் முன்னுக்கு இருந்து போனேன். பிறகு காரில் இடமில்லை. பஸ்ஸில் போனேன்.

அரையிறுதி வென்ற அன்று எல்லாரையும் தன் வீட்டுக்குக் கூப்பிட்டார். தேத்தண்ணி தந்தார்கள். எல்லாருக்கும் பேப்பர் கப். கண்ணாடி அலுமாரி நிறையப் பீங்கான் கோப்பைகள் இருந்தன.

பஸ்ஸில் திரும்பி வரும்போது அறை நண்பனிடம் சொன்னேன்.

"கழுவப் பஞ்சியிலை தந்திருப்பினம் மச்சான். நீ எல்லாத்தையும் பெரிசா எடுக்கிறாய்."

"போன முறை பீங்கானிலை தந்தவையாம். நீதான் சொன்னனி."

அவன் யன்னலுக்கு வெளியே பார்த்தான்.

இறுதிப் போட்டி சித்திரையில். ஒரு பப் அணியோடு. அதற்குத்தான் அந்த உடை மாற்றும் அறை.

செயலாளர் கோட்டும் கழுத்துப்பட்டியும் கட்டி வந்திருந்தார். கை தட்டி எல்லாரையும் அமர்த்தினார்.

"இண்டைக்கு எங்கடை பழைய அதிபர் வாறார். மகனைப் பாக்க லண்டன் வந்து நிக்கிறார். மட்சுக்கு முன்னம் வரிசையிலை நில்லுங்கோ. ஒவ்வொருத்தருக்கும் கை தருவார். எந்த வருச பட்ச் எண்டு கேப்பார்."

பிறகு என் பக்கம் திரும்பினார். "நீர் எழுபத்தைஞ்சு எண்டு சொல்லும்." மன்னார்ப் பெடியனிடம், "நீர் எழுபத்தாறு."

மன்னார்ப் பெடியன் எழும்பி எனக்கு சலூட் அடித்தான். "அப்ப நான் உங்களுக்கு ஜூனியர் அண்ணை. உங்கடை பையைத் தாங்கோ, தூக்கிறன்."

எல்லாரும் சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அந்த அதிபரை எனக்குத் தெரியும்.

ஐந்தாம் வகுப்பில் நான் நல்ல மார்க் எடுத்தேன். அப்பா வெள்ளை வேட்டி கட்டி அந்தக் கல்லூரிக்கு என்னைக் கூட்டிப்போனார். அலுவலகத்துக்கு வெளியே வெயிலில் நின்றோம். நிழலில் வாங்கு இருந்தது. அப்பா அதில் உட்காரவில்லை. அதிபர் வெளியே வந்து, எங்கே இருந்து வருகிறீர்கள் என்று மட்டும் கேட்டார். அப்பா சொன்னார். மார்க் எழுதிய கடதாசியை நீட்டினார். அவர் வாங்கவில்லை. "இடமில்லை" என்றார். எங்களுக்குப் பிறகு வந்த பிள்ளைக்கு இடம் இருந்தது. அப்பா அதற்குப் பிறகும் போய்ப் பார்த்தார். என்னைக் கூட்டிப்போகவில்லை.

அந்த ஆளுக்கு முன்னால் நின்று அவரிடம் படித்தேன் என்று நான் சொல்ல வேண்டும். சொன்னால் விளையாடலாம். செப்டெம்பரிலிருந்து தோல் உரிந்தது அந்த ஒரு மட்சுக்காகத்தான். எனக்கு அது வேண்டும். வேண்டாம் என்று சொன்னால் பொய்.

வரிசையில் முதல் கப்டன், அடுத்தது கீப்பர் என்று நிறுத்தினார்கள். அதிபர் மங்கிக் குல்லாயும் நீளக் கோட்டும் போட்டு, மகனின் கையைப் பிடித்து வந்தார். வயது போயிருந்தது. முகம் அதே முகம்.

கப்டன் குனிந்து கை கொடுத்தார். "எழுபத்திநாலு, சேர்."

"எந்த இல்லம்?"

கப்டன் தன் விளையாட்டு இல்லத்தின் பெயரைச் சொன்னார். அதிபருக்குச் சந்தோஷம்.

பிறகு என் கையைப் பிடித்தார். "தம்பி எந்த பட்ச்?"

பின்னால் செயலாளர் இருமினார்.

"நான் உங்களிட்டைப் படிக்கேல்லை, சேர். அப்பா கூட்டிக்கொண்டு வந்தவர். இடமில்லை எண்டு சொன்னனீங்கள்."

என் கையை விட்டார். செயலாளரைத் திரும்பிப் பார்த்தார். "இது பழைய மாணவர் அணி எண்டெல்லோ எனக்குச் சொன்னனீர்?"

அவ்வளவுதான். அடுத்தவனுக்குக் கை கொடுக்கப் போய்விட்டார். மன்னார்ப் பெடியன் எழுபத்தாறு என்று சொன்னது கேட்டது.

செயலாளர் என் முழங்கையைப் பிடித்து ஓரமாகக் கொண்டுபோனார்.

"கழட்டும்."

"என்னத்தை?"

"ஜேர்சியை. பெரிய மனுசனை வெளியிலை வச்சு அவமானப்படுத்திப்போட்டு நிக்கிறீர்."

"இவ்வளவு நாளும் நான் ஆர்?"

"கழட்டும் எண்டு சொன்னன்."

நடுவர் வெள்ளைக்காரர். நேரத்தைக் காட்டினார். எனக்குக் காலில் காயம் என்று செயலாளர் அவரிடம் சொன்னார். என் காலில் ஒரு காயமும் இல்லை. நடுவர் என் காலைப் பார்த்து, "கஷ்டகாலம்" என்று ஆங்கிலத்தில் சொன்னார். அந்த மைதானத்தில் என்னோடு மரியாதையாகப் பேசியவர் அவர் ஒருவர்தான். அதுவும் ஒரு பொய்யை நம்பி.

கழற்றினேன். பொருளாளரின் மைத்துனன் அங்கேயே வாங்கிப் போட்டுக்கொண்டான். அது இன்னும் சூடாக இருந்திருக்கும். அவன் கோலுக்குள் நின்றதில்லை. ஆனால் கல்லூரியில் படித்தவன்.

என் அறை நண்பனைப் பார்த்தேன். அவன் குனிந்து சப்பாத்து நாடா கட்டினான். ஏற்கெனவே கட்டியிருந்த நாடா.

நான் போகவில்லை. கோலுக்குப் பின்னால் போய் நின்றேன். தோற்க வேண்டும் என்று நின்றேன். அதில் மறைக்க எனக்கு ஒன்றுமில்லை.

வென்றார்கள். பப் அணியில் பாதிப் பேர் முதல் நாள் குடியில் வந்திருந்தார்கள். மைத்துனனிடம் பந்து வந்ததே குறைவு. மன்னார்ப் பெடியன் பெனால்டி அடித்தான். மட்ச் முடிய அவன் மட்டும் என்னிடம் வந்தான். மெடல் கழுத்தில் கிடந்தது.

"அண்ணை, ஒரு சொல்லுத்தானே. எழுபத்தைஞ்சு எண்டு சொல்லியிருந்தா என்ன?"

"சொன்னா அப்பா வெயிலுக்கை நிண்டது பொய்யாப் போயிடும்."

அவனுக்கு விளங்கியதோ தெரியாது. படம் எடுக்கக் கூப்பிட்டார்கள். ஓடினான்.

அறை நண்பனோடு நான் பிறகு பேசவில்லை. அந்த மாதமே வேறு அறை பார்த்துப் போனேன். அந்த அணியில் யாராவது மன்னிப்புக் கேட்டார்களா என்று இப்போதும் சிலர் கேட்கிறார்கள். இல்லை. நானும் எதிர்பார்க்கவில்லை. கோபம் ஆறவில்லை. ஆற வேண்டும் என்று எனக்கு அவசரமும் இல்லை.

தொண்ணூறுகளின் நடுவில் ஒருநாள் இல்ஃபோர்டில் அரிசி வாங்கப் போனேன். பொருளாளரின் கடை என்று உள்ளே போன பிறகுதான் தெரிந்தது. கல்லாவுக்கு மேலே அந்தப் படம், பெரிதாக்கிச் சட்டம் போட்டு. கீழே பெயர்களும் பட்ச் வருடங்களும். மன்னார்ப் பெடியனுக்கு எழுபத்தாறு என்று அச்சடித்திருந்தது. நடுவில் கதிரையில் அதிபர், மகன் பக்கத்தில். கமிட்டிக்காரர் பின்னால். மைத்துனன் என் ஜேர்சியோடு முன்வரிசையில் முழங்காலில், பந்தைப் பிடித்தபடி.

கல்லாவில் நின்ற பெண் பிள்ளை, "உங்களுக்குத் தெரிஞ்ச ஆக்கள் இருக்கினமோ அங்கிள்?" என்று கேட்டாள்.

"ஓம்" என்றேன்.

அரிசியைக் கீழே வைத்துவிட்டு, அன்று நான் ஜேர்சி கழற்றியதைப் பார்த்து நின்றவர்களைப் படத்தில் எண்ணிப் பார்த்தேன். பத்தொன்பது பேர்.