ஆள் ஒன்று, கேட் பாஸ் ஒன்று

எங்கள் வீட்டு மாடியில் குடியிருப்பவரை இந்தத் தெருவில் யாரும் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. அளவுகோல் என்றால்தான் தெரியும். அட்டைப்பெட்டித் தொழிற்சாலையில் இருபத்திரண்டு வருடம் கைக்கத்தியால் அட்டை வெட்டியவர். எதைப் பார்த்தாலும் கண்ணாலேயே அளந்து விடுவார். எதிர்வீட்டுக்காரர் புது அலமாரி வாங்கி வந்தபோது, "படிக்கட்டு வளைவுல ரெண்டு விரல்கடை இடிக்கும்" என்று சொன்னார். யாரும் கேட்கவில்லை. அலமாரி வளைவில் மாட்டிக்கொண்டு ஒன்பது நாள் அங்கேயே நின்றது. அதன் கதவைத் திறந்து ஒரு பக்கமாக நுழைந்து மறுபக்கமாக வெளியே வந்துதான் மாடிக்காரர்கள் போய் வந்தார்கள். நம்பாதவர்கள் வந்து சுவரில் இருக்கும் கீறலைப் பார்க்கலாம்.

இன்னொரு குணமும் உண்டு. காகிதம் எதையும் கிழிக்க மாட்டார், எறிய மாட்டார். மருந்துச் சீட்டு, பேருந்துச் சீட்டு, சலவைக் கடைத் துண்டு, எல்லாவற்றுக்கும் அளவெடுத்து ஒரு அட்டைப்பெட்டி செய்து உள்ளே வைத்து விடுவார். அவர் மனைவி, ஒருநாள் தன்னையும் அளந்து பெட்டியில் போட்டு விடுவார் என்று என்னிடம் சொல்லிச் சிரிப்பாள். அந்த மனிதர் வாழ்க்கையில் கிழித்தது ஒரே ஒரு காகிதம். இந்தக் கதை அதைப் பற்றியது.

அவருக்கு ஒரே மகள். கல்லூரியில் கட்டிட வரைபடம் படிக்கிறாள். கண்ணளவு அப்பனுடையது, வாய் அம்மாவுடையது. முதல் வருடம் அவளுக்குக் கிடைத்த உதவித்தொகை கைக்குட்டை அளவுதான். காரணம், உதவித்தொகை அலுவலகம் பார்ப்பது வீட்டின் இன்றைய வருமானத்தை அல்ல, இரண்டு வருடம் முந்தைய வருமானத்தை. அந்த வருடம் அளவுகோலுக்கு ஓவர்டைம் மழையாகக் கொட்டியது. ஆகவே காகிதத்தில் அவர் வசதியான மனிதர். மீதிக் கட்டணத்தைச் சம்பளத்திலிருந்து கட்டினார்.

முதல் வருடத்தின் நடுவில் தொழிற்சாலைக்கு வெட்டும் இயந்திரம் வந்தது. கையால் வெட்டும் பிரிவில் இருந்த ஏழு பேரையும் ஒரே மாலையில் வெளியே அனுப்பினார்கள். அளவுகோல் வீட்டுக்கு வந்து மகளிடம், "போதும்னு நானே எழுதிக் கொடுத்துட்டு வந்துட்டேன்" என்றார். இருபத்திரண்டு வருடம் உழைத்தவனைக் கழிவு அட்டை மாதிரித் தள்ளி விட்டார்கள் என்று பெற்ற பெண்ணிடம் சொல்ல அந்த மனிதருக்கு நாக்கு எழவில்லை. மனைவிக்கு உண்மை தெரியும். வாயை மூடிக்கொண்டாள். மூன்று மாதத்தில் தொழிற்சாலையே மூடியது, முதலாளி எந்த ஊருக்கு ஓடினான் என்று தெரியவில்லை. "பார்த்தியா, முன்னாடியே இறங்கிட்டேன்" என்று அளவுகோல் சொன்னதாகக் கேள்வி. மகள் சிரிக்கவில்லை. தான் கல்லூரியில் சேர்ந்த வருடம் பார்த்து அப்பா வேலையை விட்டது அவளுக்கு உறுத்திக்கொண்டே இருந்தது.

இரண்டாம் வருடக் கட்டணம் கட்ட வழியில்லை. மாதக் கடைசிக்குள் கட்டாவிட்டால் பெயரை அடித்து விடுவோம் என்று கல்லூரி எழுதியது. குடும்பத்தின் நிலைமை மாறியிருந்தால் உதவித்தொகையைத் திருத்திக் கேட்கலாம் என்று ஒரு படிவம் இருந்தது. வீட்டில் கையெழுத்து அழகு அப்பாவுக்குத்தான் என்று அவரே நிரப்பினார். வருமானம் குறைந்ததற்குக் காரணம் என்ற கட்டத்தில், மகள் தோளுக்குப் பின்னால் நின்று பார்த்துக்கொண்டிருந்ததால், மணிமணியாக எழுதினார்: விருப்ப ஓய்வு.

எட்டு நாளில் பதில் வந்தது. தானாக முன்வந்து வருமானத்தைக் குறைத்துக்கொண்டவர்களுக்கு மறுகணக்கீடு கிடையாது. ஒரே வரி. மகள் அதைப் படித்து மடித்து அப்பா முன்னால் வைத்துவிட்டு, நான்கு நாள் அவரோடு பேசவில்லை.

ஐந்தாம் நாள் அவர் தனியாக அந்த அலுவலகத்துக்குப் போனார். நானும் ஒருமுறை பேரனுக்காக அங்கே போயிருக்கிறேன். வந்ததும் குளித்தேன், புடவையை ஊறப்போட்டேன். படிக்கட்டு மூலையில் துப்பித் துப்பிச் சுவரே சிவந்திருக்கும். உள்ளே ஈரக் காகித நாற்றம், எலி நாற்றம், இரண்டுக்கும் மேலே யாரோ கழற்றிப் போட்ட செருப்பின் நாற்றம். மூன்றாம் ஜன்னலில் கண்ணாடி உண்டு, அதில் ஆயிரம் நெற்றிகளின் எண்ணெய். பேசுவதற்கான ஓட்டையை இடுப்பு உயரத்தில் வைத்திருக்கிறார்கள். எத்தனை நிமிர்ந்த ஆளும் அங்கே குனிந்துதான் தன் பெண்ணின் படிப்பைப் பற்றிப் பேச வேண்டும். அளவுகோல் அந்த ஓட்டையைப் பார்த்ததுமே ஒன்றரை அடி தாழ்வு என்று கணக்கிட்டாராம். பிறகு குனிந்தார்.

ஜன்னலுக்குப் பின்னால் இருந்த எழுத்தர் சுண்டுவிரல் நகத்தை நீளமாக வளர்த்திருந்தார். அதைக்கொண்டு காதைக் குடைவார், அதே விரலைப் பாசி பிடித்த பஞ்சுக் கிண்ணத்தில் தொட்டு அடுத்தவன் விண்ணப்பத்தைப் புரட்டுவார். அளவுகோல் தான் எழுதியது தவறு, தானாகப் போகவில்லை, அனுப்பினார்கள் என்று மெதுவாகச் சொன்னார். எழுத்தர் அதை நம்பவும் இல்லை, நம்பாமலும் இல்லை. தொழிற்சாலையின் கடிதம் வேண்டும், முத்திரையோடு வேண்டும் என்றார். தொழிற்சாலையே இல்லையே என்றார் இவர். அப்படியானால் தொழிற்சாலை இல்லை என்று தொழிற்சாலையிடமிருந்து ஒரு கடிதம் வேண்டும் என்றார் அவர். சொல்லிவிட்டுச் சிரிக்கவும் இல்லை.

வரிசையில் பின்னால் நின்றவர்கள் முணுமுணுக்க ஆரம்பித்ததும் எழுத்தர் கொஞ்சம் இரக்கப்பட்டு விளக்கினார்.

"பெரியவரே, இறப்புன்னு வைங்க, ஒரே சான்றிதழ், அன்னிக்கே முடிச்சிருவேன். விவாகரத்துன்னா ரெண்டு நாள். நீங்க உயிரோட இருக்கிறதுதான் இதுல சிக்கல்."

ஐம்பத்தொரு வயது மனிதரைப் பெரியவரே என்று வேறு.

அன்று வீடு திரும்பும் வழியில் கால் தானாகத் தொழிற்சாலைப் பக்கம் போயிற்று. பெரிய கதவில் பூட்டு, பூட்டில் அரக்கு முத்திரை. வாசலில் மிச்சமிருந்தது ஒரு காவலாளி மட்டும். முதலாளி மேல் போட்ட வழக்கு முடியும்வரை பூட்டைக் காப்பது அவன் வேலை. பூட்டு ஓடிப் போகாது, அவனும் அசையவில்லை. அவனுக்கு உலகத்தில் ஒரே ஒரு சட்டம்: அந்த வாசலைத் தாண்டி எது வெளியே போனாலும் கேட் பாஸ் எழுத வேண்டும். ஓட்டை வாளி போனாலும் சீட்டு. முதலாளியின் நாய் தினமும் இரண்டு வேளை வெளியே போனதற்கு அவன் சீட்டு எழுதி வந்தான், நாய் அதை வாயில் கவ்விக்கொண்டு போய்த் திரும்பும்போது கொடுத்து விடும் என்பார்கள். நான் நேரில் பார்க்கவில்லை.

அளவுகோல் கதையைச் சொன்னார். காவலாளி கேட்டுவிட்டு நெற்றியைச் சுருக்கினான்.

"அண்ணே, அன்னிக்கு உங்க ஏழு பேருக்கும் நான் சீட்டுப் போட்டுக் கையில கொடுத்தேனே, மறந்துட்டீங்களா?"

மறக்கவில்லை. அன்று மாலை மேலாளர் தொலைபேசியில், ஏழையும் வெளியே விடு, கத்தி எதுவும் போகாமல் பார்த்துக்கொள் என்று மட்டும் சொன்னார். சட்டம் சட்டம்தான் என்று காவலாளி ஆளுக்கொரு கேட் பாஸ் எழுதினான். அதைப் பார்த்ததும்தான் அளவுகோல், காகிதம் கிழிக்காத அளவுகோல், அதை எட்டாகக் கிழித்து அவன் காலடியில் எறிந்துவிட்டு வந்திருந்தார்.

"அதை நான் கிழிச்சுட்டேன்ப்பா."

"நீங்க கிழிச்சது அசல்தான். கார்பன் காப்பி என்கிட்ட இருக்கு. அதையும் கிழிக்கணும்னா, அதுக்குத் தனியா ஒரு சீட்டு எழுதணும்."

மூன்று புத்தகங்களைப் புரட்டிக் கண்டுபிடித்தான். கொடுக்கும்போது, அந்தக் காப்பி வெளியே போவதற்கு ஒரு கேட் பாஸும் எழுதினான்.

மறுநாள் மாணவியின் கையெழுத்தும் வேண்டும் என்பதால் மகளும் கூடப் போனாள். பேசாமல்தான் போனாள். வீட்டிலேயே அவளிடம் உண்மையைச் சொல்லிவிடுங்கள் என்று மனைவி எவ்வளவோ சொல்லிப் பார்த்தாள். ஜன்னலில் சும்மா ஒரு சீட்டைக் கொடுத்தால் முடிந்துவிடும், அவள் கவனிக்க மாட்டாள் என்று இவர் நினைத்தார். அட்டையை அளக்கத் தெரிந்த அளவுக்கு அவருக்கு ஆட்களை அளக்கத் தெரியாது.

எழுத்தர் சீட்டை வாங்கினார். பஞ்சில் விரலைத் தொட்டார். படித்தார். மறுபடி படித்தார். பிறகு பக்கத்து ஜன்னலில் தேநீர் உறிஞ்சிக்கொண்டிருந்தவரைக் கூப்பிட்டு, கூடம் முழுக்கக் கேட்கும்படி வாசித்தார்.

"பொருள், ஆள். எண்ணிக்கை, ஒன்று. நிலை, பழையது. எடுத்துச் செல்லும் காரணம், கம்பெனிக்குத் தேவையில்லை. திரும்பி வருமா, வராது."

பக்கத்து ஜன்னல்காரருக்குத் தேநீர் மூக்கில் ஏறியது. அதைச் சட்டைக் கையால் துடைத்துக்கொண்டு சிரித்தார். வரிசையில் நின்றவர்களிலும் இரண்டு மூன்று பேர் சிரித்தார்கள். நாளைக்கு அவர்கள் வீட்டுக் காகிதத்தையும் இதே வாய் வாசிக்கும், அது தெரியாமல் சிரித்தார்கள். காவலாளி பாவம், நாய்க்கும் வாளிக்கும் எழுதுகிற கட்டங்களில் எழுதியிருந்தான். கேலி செய்ய எழுதவில்லை. அதைக் கேலியாக்கியது அந்தக் கூடம். மனிதர்களைக் குனிய வைத்துவிட்டு அவர்கள் முதுகைப் பார்த்துச் சிரிக்கிற இடம் அது. எத்தனை பினாயில் ஊற்றினாலும் அதன் நாற்றம் போகாது.

அளவுகோல் குனிந்தபடியே இருந்தார். மகள் அவரைப் பார்த்தாள். வேலையை விட்டுவிட்டு வந்த அப்பா, முன்னாடியே இறங்கிய அப்பா, நான்கு நாள் தான் பேசாமல் இருந்த அப்பா. அவள் அழவில்லை. அவரைத் தோளைப் பிடித்து நிமிர்த்தி ஒதுக்கிவிட்டு, தான் அந்த ஓட்டைக்குக் குனிந்தாள்.

"சார், முத்திரை தெளிவா இருக்கா?"

எழுத்தர் சீட்டைத் திருப்பினார். வட்ட முத்திரை, தேதி, வரிசை எண், எல்லாம் இருந்தன. ஒரு மனிதர் உயிரோடு வந்து நின்று சொன்னதை ஏற்காத அலுவலகம், அவரை வாளிக் கணக்கில் எழுதிய காப்பியை ஏற்றுக்கொண்டது. முத்திரை இருந்தால் சரி. முன்பு எழுதியது தவறு என்று ஒரு தாளில் எழுதிக் கையெழுத்துப் போடச் சொன்னார். அளவுகோல் எழுதினார். நான் விருப்பப்பட்டுப் போகவில்லை, என்னை அனுப்பினார்கள். மகள் பக்கத்தில் நின்று தாள் நழுவாமல் பிடித்துக்கொண்டாள். கயிற்றில் கட்டிய பேனாவின் முனையை யாரோ கடித்துத் துப்பியிருந்தார்கள், அதனால் தன் பேனாவைக் கொடுத்தாள்.

எழுத்தர் சீட்டை எடுத்துக் கோப்பில் குத்தப் போனார். மகள் ஓட்டைக்குள் கையை விட்டு அதன் மேல் வைத்தாள்.

"நகல் எடுத்துக்கிட்டு இதைத் திருப்பிக் கொடுங்க."

அசல் சீட்டு கோப்பில் இருக்க வேண்டும் என்பது விதி என்றார் அவர். அவள் கையை எடுக்கவில்லை.

"இதுவே காப்பிதான் சார். அது எங்கப்பா. அவரை உங்க எலிகிட்ட விட்டுட்டுப் போக முடியாது."

ஐந்து நிமிடம் இரண்டு கைகளும் அந்தச் சீட்டின் மேல் இருந்தன. சிரித்த வரிசையே இப்போது சீக்கிரம் கொடுத்தனுப்பு என்று கத்த ஆரம்பித்தது. எழுத்தர் நகல் எடுத்துக்கொண்டு சீட்டைத் திருப்பித் தள்ளினார். அவள் அதைத் தன் முந்தானையில் துடைத்துவிட்டுத்தான் அப்பாவிடம் கொடுத்தாள்.

படியிறங்கும்போது, ஏன் என்கிட்ட சொல்லலை என்று கேட்டாளாம். அவர் பதிலுக்கு அந்த ஓட்டை எவ்வளவு தாழ்வு என்று சொல்ல ஆரம்பித்தாராம். அவள் விட்டுவிட்டாள். அவர் கையைப் பிடித்துக்கொண்டு அந்தச் சிவப்பு மூலையைத் தாண்டினாள்.

மாதக் கடைசிக்கு இரண்டு நாள் முன்னால் கடிதம் வந்தது. உதவித்தொகை திருத்தப்பட்டது, கட்டணம் முழுதும் அடைபட்டது, அவள் பெயரை யாரும் அடிக்கவில்லை. மகிழ்ச்சிதான். ஆனால் கடிதத்தின் அடியில் சிறிய எழுத்தில் ஒரு வரி: அடுத்த ஆண்டும் நிலைமை மாறவில்லை என்பதற்கு, ஆறு மாதத்துக்குள் பெற்ற புதிய சான்று இணைக்க வேண்டும்.

திரும்பி வராது என்று எழுதியிருக்கிறதே, அது போதாதாம். வருடா வருடம் ஒருவன் மறுபடி வாசல் வரை போய், இன்னும் நான் வெளியேதான் இருக்கிறேன் என்று எழுதி வாங்கி வர வேண்டும். இதை யோசித்து எழுதியவன் சாப்பிடும்போது கை கழுவுவானா என்று தெரியவில்லை.

அளவுகோல் இப்போது படங்களுக்குச் சட்டம் போடும் ஒரு கடையில் அட்டை வெட்டுகிறார், பாதிச் சம்பளம். அந்தக் கேட் பாஸுக்கு நேற்று ஒரு பெட்டி செய்தார். மகள் அதை வாங்கிப் பார்த்துவிட்டு, பத்து மடங்கு ஆழமாகச் செய்யச் சொன்னாள்.

"ஒரு சீட்டுக்கு எதுக்கு இவ்வளவு ஆழம்?"

"நான் படிச்சு முடிக்கிறதுக்குள்ள இன்னும் எத்தனை கேட்பாங்களோ. அளந்துதான் சொல்றேன்ப்பா."

அவர் தப்பு கண்டுபிடிக்க முயன்று பார்த்தார். முடியவில்லை. கத்தியை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தார்.