பச்சை மையில் ஒப்புதல் பெற்ற வரி

காலை பத்து மணிக்குத் துணைவேந்தர் அறையிலிருந்து இன்டர்காம் அடித்தது. மேலே போனேன். "என் கையெழுத்தக் காட்டி யாரோ ஒரு பொண்ணு எட்டு நாளா லைப்ரரில வந்து உக்காந்துட்டுப் போறாளாமே. யாருய்யா குடுத்தது?"

நான்தான் கொடுத்திருந்தேன்.

கேளம்பாக்கம் தாண்டி, உப்புக்காற்றில் ஜன்னல் கம்பிகள் துருவேறும் ஒரு தனியார் பல்கலைக்கழகம். எனக்கு வெளியீட்டுப் பிரிவில் வேலை. பல்கலைக்கழகம் சமூகத்துக்கு என்ன செய்ய வேண்டும் என்று துணைவேந்தர் ஒரு புத்தகம் எழுதிக்கொண்டிருந்தார். அதாவது, நடந்துகொண்டே நாலு வார்த்தை சொல்வார். நான் நாற்பது வரியாக்குவேன். ப்ரூஃப் பக்கம் ஒவ்வொன்றிலும் பச்சை மையில் கையெழுத்துப் போட்டு, சீல் வைப்பார். ஒன்று அச்சகத்துக்கு, ஒன்று ஃபைலுக்கு. 'எங்கள் நூலகம் சுற்றியுள்ள ஊர்களுக்கும் சொந்தம். படிக்க வரும் எவரையும் எங்கள் வாசல் தடுக்காது' என்ற வரி முழுக்க என்னுடையது. எழுதிய அன்று ஒருமாதிரி சந்தோஷமாக இருந்தது.

ஹவுஸ்கீப்பிங் எஸ்தரம்மா என் மேஜையைத் துடைத்துக்கொண்டே அதைப் படித்துவிட்டார்.

"இன்னா சார், நெசமாவா? எம்பொண்ணு குரூப் ஃபோருக்குப் படிச்சிகினு கீது. வூடே ஒரு ரூமு. டிவி ஓயாது. அடுத்த மாசம் பரீட்ச."

"நான் எழுதினதுதான். வி.சி.யே கையெழுத்துப் போட்டிருக்காரும்மா" என்று ஃபைல் காப்பியை எடுத்து நீட்டினேன்.

வாசல் செக்யூரிட்டி பச்சை மையைப் பார்த்ததும் விறைத்து நின்று வழி விட்டாராம். அவரைக் குறை சொல்ல முடியாது. பச்சை மை என்றால் உத்தரவு என்றே பழகியவர்.

துணைவேந்தர் கோபப்படவில்லை. அதுதான் அலுப்பாக இருந்தது. "கட்டுரைய்யா அது. சர்க்குலரா? அந்தம்மா கான்ட்ராக்ட் ஆள்தானே, ஏஜென்சில சொல்லி மாத்திடு."

"அவங்க கேக்கல சார். நானாத்தான் குடுத்தேன்."



"சரி, இருக்கட்டும். பொண்ணு நாளைலேர்ந்து வரக் கூடாது. அந்த வரில 'கொள்கையளவில்'னு ஒரு வார்த்த சேத்துடு."

எஸ்தரம்மாவின் வேலை தப்பியது. இருக்கைக்கு வந்து அந்த ஒரு சொல்லைத் தட்டச்சு செய்தேன். வரி இப்போது யாரையும் உள்ளே விடாது. ஆனால் பார்க்க முன்னைவிடக் கண்ணியமாக இருந்தது.

செக்யூரிட்டியை விட்டுச் சொல்லச் சொல்லலாம் என்று ஒரு நிமிடம் நினைத்தேன். பிறகு நானே நூலகத்துக்குப் போனேன். ஜன்னலோர மேஜையில் அந்தப் பெண் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தாள். விஷயத்தைச் சொன்னேன்.

"இது நீங்க எழுதனதுன்னு அம்மா சொல்ச்சி" என்று அந்தப் பச்சை மைத் தாளை எடுத்தாள்.

"ஆமாம்மா."

"நல்லா கீது சார்." கேலியே இல்லை குரலில். "இன்னிக்கு சாயங்காலம் வரைக்கும் உக்காந்துக்கட்டா?"

தலையாட்டினேன். வேறென்ன செய்ய.

பிறர் பெயரில் எழுதித் தரும் வேலைக்கு இப்போது வருகிற தம்பி தங்கைகளுக்கு ஒன்று சொல்வேன். வாசல் திறந்திருக்கிறது என்று எழுதுமுன் ஒருமுறை எழுந்துபோய் அதைத் தள்ளிப் பாருங்கள். நான் அதைச் செய்யவில்லை. அவள் ஐந்து மணி வரை தலை நிமிராமல் படித்தாள்.