பாதியில் நின்ற முள்

ஆஸ்பத்திரிச் சலவைக்கூடத்தில் அவளுக்குச் சொட்டக்கா என்று பெயர். சோப்புத் திரவத்தை ஒரு சொட்டு கூடுதலாக ஊற்ற விடமாட்டாள். அழுக்குத் துணி வந்து இறங்கியதும் இத்தனை கிலோ, கிலோவுக்கு இத்தனை மில்லி என்று மனதுக்குள்ளேயே பெருக்கிவிடுவாள். சீழும் இரத்தமும் தோய்ந்த விரிப்புகளைப் பதினெட்டு வருஷமாக முகம் சுளிக்காமல் உதறிய கை அது. தங்கை புருஷனின் காரில் ஏறினால் மட்டும் அவளுக்குக் குமட்டும்.

எல்லாம் அந்தக் காகிதக் குவளையால்தான். மாப்பிள்ளை வண்டி ஓட்டும்போது சூரியகாந்தி விதை கொறிப்பார். தோலைக் கியருக்குப் பக்கத்திலிருக்கும் குவளையில் துப்புவார். எச்சிலில் ஊறிய தோல் வெயிலில் புளித்து நாறும். அதனால் அவள் பின்சீட்டில் உட்கார்ந்து, ஊர் போய்ச் சேரும்வரை ஜன்னல் பக்கமே முகத்தைத் திருப்பிக்கொள்வாள்.

வேறு வழியும் இல்லை. அம்மா இருக்கும் முதியோர் விடுதி நூற்றிருபது கிலோமீட்டர் தள்ளி. அவளுக்கு லீவு ஞாயிறு. ஞாயிற்றுக்கிழமை அந்தப் பக்கம் பஸ் கிடையாது.

கிளம்பும்போது மாப்பிள்ளை பெட்ரோல் பங்கில் டேங்கை நிரப்புவார். நாற்பது லிட்டர், லிட்டர் மூன்று ரிங்கிட், ஆக நூற்றிருபது.

"நீங்க, நான், உங்க தங்கச்சி, ஆளுக்கு நாப்பது. இந்தாங்க ரசீது, நல்லாப் பாத்துக்குங்கக்கா. நம்மகிட்ட ஒளிவு மறைவே கிடையாது."

வாராவாரம் நாற்பது கொடுக்க அவள் சம்பளம் இடம் கொடுக்கவில்லை. ஒரு ஞாயிறு விட்டு ஒரு ஞாயிறுதான் போனாள். "பெட்ரோல் விக்கிற விலையில முடியலம்மா" என்பாள். "வராதேடி, காசைக் கரியாக்காதே" என்று அம்மா சொல்லிவிட்டு வாசலையே பார்ப்பாள்.

அந்த ஞாயிறு தங்கைக்கு இடுப்புவலி. பின்சீட்டில் படுத்துக்கொண்டாள். சொட்டக்கா முன்சீட்டுக்கு வரவேண்டியதாயிற்று. அம்மாவைப் பார்த்துவிட்டுத் திரும்பும்போது, அவள் தெருமுனை வேகத்தடையில் வண்டி துள்ளியதும் குவளை அவள் மடியில் கவிழ்ந்தது. வெதுவெதுப்பாக, பிசுபிசுவென்று. ஓங்கரித்துக்கொண்டே குனிந்து துடைத்தவள் நிமிர்ந்தபோது கண்ணெதிரே பெட்ரோல் முள். பாதியில் நின்றது.

"மாப்பிள்ளை, முள்ளு பாதியில நிக்குதே?"

"அது பழசுக்கா. வாய்க்கு வந்ததைக் காட்டும்."

"காலையில நிரப்பினப்போ ஒழுங்காத்தானே ஏறிச்சு? லிட்டருக்கு எவ்வளவு ஓடுது?"

"பன்னெண்டு!" டாஷ்போர்டைத் தட்டிக்கொடுத்தார். "தங்கம்க்கா இது."

போக வர இருநூற்று நாற்பது. பன்னிரண்டால் வகுத்தால் இருபது லிட்டர். மூன்றால் பெருக்கினால் அறுபது. மூன்று பேருக்கு ஆளுக்கு இருபது. சோப்புக் கணக்கைவிடச் சுலபம். மிச்சம் இருபது லிட்டரில் இவர் இரண்டு வாரம் ஊர் சுற்றியிருக்கிறார். நாற்பதுக்கு அவள் இரண்டு ஞாயிறு போயிருக்கலாம். ஒரு வருஷத்தில் இருபத்தாறு ஞாயிறுகளைக் கொறித்துத் துப்பியிருக்கிறார் மனுஷன்.

கணக்கை அவள் சத்தமாகச் சொன்னாள். மாப்பிள்ளைக்கு விதை தொண்டையில் சிக்கிக்கொண்டது.

"டயர் தேயுது, ஆயில் மாத்தணும், அதெல்லாம் யாரு..."

"அதைச் சொல்லியே வாங்கியிருக்கலாமே. எதுக்கு ரசீதைக் காட்டி ஏமாத்தினீங்க?"

பின்சீட்டைத் திரும்பிப் பார்த்தாள். தங்கை கண்ணை இறுக மூடியிருந்தாள். தூங்குகிறவள் அப்படி மூடமாட்டாள்.

"உனக்கும் தெரியுமாடி?"

தங்கை இமையை இன்னும் இறுக்கினாள். மடியில் கிடந்த எச்சில் தேவலாம் என்றிருந்தது அவளுக்கு.

"வர்ற ஞாயிறு இந்த மிச்சத்துலயே போறோம். முள்ளு இதே இடத்துல நிக்கணும், மாப்பிள்ளை. அதுவரைக்கும் நீங்க நடங்க. வயித்துக்கும் நல்லது."

ஞாயிறு காலை முள் அங்கேயேதான் நின்றது. மாப்பிள்ளை துப்புவதற்கு மட்டும்தான் வாயைத் திறந்தார். முன்சீட்டில் குவளையின் நாற்றத்தோடு, முள்ளைவிட்டுக் கண் எடுக்காமல் போனாள். ஜன்னலைப் பார்த்தபடியே எத்தனை தடவை வந்திருக்கிறோம் என்று நினைத்தபோது தன்மேலேயே அருவருப்பாக இருந்தது.

விடுதியில், ஒரு வாரம்கூட இடைவெளி விடாமல் வந்து நின்றவளைப் பார்த்ததும் அம்மா கட்டிலைப் பிடித்துக்கொண்டு எழுந்தாள். முகம் வெளிறிவிட்டது.

"போன வாரம்தானே வந்தே? யாருக்குடி என்ன ஆச்சு?"