இடைத்தேர்தல் அறைக்கு ஒரு சாட்சி தேவை

கண்காட்சி வழிகாட்டியின் தொழில், கேட்க விருப்பமில்லாதவர்களுக்குச் சரித்திரம் சொல்வதும், அவர்கள் விரும்பிக் கேட்டால் கழிவறைக்கு வழி காட்டுவதும். கடையில் நாள் முழுக்க நின்று வியாபாரம் பார்க்கும் நண்பர்களே, உங்களிடமாவது விற்கச் சரக்கு இருக்கிறது. என்னிடம் இருந்தது வெள்ளைக்காரன் காலத்து இடைத்தேர்தல் ஒன்று மட்டுமே.

சிங்கப்பூர் தேக்கா சந்தைக்குப் பக்கத்துத் தெருவில், ஒரு கடைவீட்டின் மாடியில் என் கண்காட்சி அறை. தீவின் வடக்கே ரப்பர் தோட்டமும் காய்கறித் தோட்டமுமாகக் கிடந்த ஒரு தொகுதியில், உறுப்பினர் இறந்துபோனதால் நடந்த தேர்தல் அது. சுவர் நிறையப் படங்கள், நடுவில் வாக்குச்சாவடி மாதிரி ஒரு மேசை, நாற்காலி, மரப்பெட்டி. ஒருநாள் மேலாளர் பிரியா வந்து நேராகவே சொல்லிவிட்டாள்: "அக்கா, அதுல ஓட்டுப் போட்ட ஒருத்தரையாவது கூட்டிட்டு வாங்க, வீடியோ எடுப்போம். இல்லன்னா தீபாவளிக்கு முன்னாடி ரூமை செல்ஃபி கார்னரா மாத்திடுவாங்க லா."

நல்ல ரசிகை

மறுநாள் மதியம், கையில் காய்கறிப் பையோடு ஓர் அம்மா வந்து உட்கார்ந்தார். நான் வேட்பாளர்களில் ஆரம்பித்து வாக்கு எண்ணிக்கை வரை சொன்னேன். எல்லாவற்றுக்கும் தலையாட்டினார். இத்தனை கவனமாகக் கேட்கிறாரே, அந்தத் தோட்டத்துக்காரராக இருப்பாரோ என்று நினைத்தேன். கேட்டே விட்டேன்.

"இல்லமா, வெளிய ரொம்ப வெயில். இங்க ஏர்கான் நல்லா இருக்கு. நீங்க பேசுங்க, எனக்கு ஒண்ணும் தொந்தரவு இல்ல."

தேர்தல் அதிகாரியின் நாற்காலி

தண்ணீர் குடித்துவிட்டு வந்து பார்த்தால், அதிகாரியின் நாற்காலியில் ஒரு டிஷ்யூ பாக்கெட். இந்த ஊரில் டிஷ்யூ வைத்துவிட்டால் அந்த இடம் வைத்தவருக்குச் சொந்தம். சட்டம்கூட அவ்வளவு மதிக்கப்படுவதில்லை. என் அறை, என் நாற்காலி, கால் வேறு கடுக்கிறது. ஆனாலும் பாருங்கள், அதை எடுக்க எனக்குக் கை வரவில்லை. சுவரோரமாக நின்றுகொண்டே இருந்தேன்.

கடைசியில் கீழ்க்கடையிலிருந்து பிரியாணிப் பொட்டலத்தோடு ஓர் ஆபீஸ் இளைஞர் ஏறி வந்தார். வாக்குப்பெட்டியை ஓரமாகத் தள்ளிவிட்டுப் பொட்டலத்தைப் பிரித்தார்.

"தேங்க்ஸ் அக்கா, சீட்டைப் பாத்துக்கிட்டதுக்கு. கீழ லஞ்ச் டைம்ல உக்காரவே முடியல."

லாரிப் படம்

ஞாயிற்றுக்கிழமை துவாஸ் தொழிலாளர் விடுதியிலிருந்து ஒரு தம்பி வந்தார், ஊர் புதுக்கோட்டைப் பக்கம். என் வேலைக்காலத்திலேயே எல்லாப் படத்தையும் நின்று பார்த்தவர் அவர் ஒருவர்தான். தோட்டத்து ஆட்களை வாக்குச்சாவடிக்கு லாரியில் ஏற்றிப்போகும் படத்தின் முன் வெகுநேரம் நின்றார். அந்தக் காலத்தில் பாவம், லாரியில் நின்றுகொண்டேதான் போவார்கள் என்று விளக்கினேன். சொன்ன பிறகுதான் உறைத்தது.

"எங்கள இப்பவும் லாரியிலதான்க்கா ஏத்திட்டுப் போறாங்க. ஓட்டுதான் கிடையாது."

சாட்சி

சைனாடவுன் மாரியம்மன் கோயிலில் பூசை முடிந்து வரும் பெரியவர்களையெல்லாம் மறித்து விசாரித்தேன். பலருக்கு அப்போது ஓட்டுப் போடும் வயதில்லை. மற்றவர்களுக்கு நினைவில்லை. நம்பிக்கையே விட்டுப்போன நேரத்தில் ஒரு பெண்மணி தன் அப்பாவைப் பற்றிச் சொன்னார். பெயர் ராமையா, தொண்ணூறு தாண்டியவர், அதே தொகுதியின் ரப்பர் தோட்டத்தில் பால் வெட்டியவர்.

சக்கர நாற்காலியில் அவர் லிஃப்டிலிருந்து வந்து இறங்கியபோது எனக்கு அழுகையே வந்துவிட்டது. பிரியா கேமராவைத் திருப்பினாள். ராமையா மரப்பெட்டியைத் தடவிப் பார்த்தார். கண்ணில் அவ்வளவு வெளிச்சம். "சொல்லுங்கய்யா, அன்னைக்கு என்ன நடந்துச்சு?" என்றேன். "போனேன், போட்டேன், வந்தேன்" என்றார். யார் லாரியில் போனீர்கள், யார் பேச்சைக் கேட்டீர்கள், யாருக்குப் போட்டீர்கள் என்று எதைக் கேட்டாலும் வாயை இறுக மூடிக்கொண்டார். மகள் கெஞ்சிப் பார்த்தார். நானும் கெஞ்சினேன், அறையே போய்விடும் என்றுகூடச் சொன்னேன். அவர் என்னை இரக்கத்தோடுதான் பார்த்தார்.

"அது ரகசியம்மா. வெளிய சொல்லக்கூடாதுன்னு பெட்டிகிட்ட உக்காந்திருந்த ஆபீசர் சொன்னாரு. அவரு வந்து சொல்லலாம்னு சொல்லட்டும், சொல்றேன்."

இப்போது அந்தப் பெட்டியின்மேல் பிளாஸ்டிக் பூ வைத்து எல்லோரும் படம் பிடித்துக்கொள்கிறார்கள். அத்தனை வருஷத்துக்கு முந்தைய தேர்தலில் இன்றைக்கு டெபாசிட் இழந்தவள் நான் ஒருத்திதான்.