தேவசகாயம் கேட்டறிந்த சொற்கள்

செவ்வாய்க்கிழமை காலை டோல்கேட்டில் டிராமுக்கு நின்றிருந்தேன். தேவசகாயத்தின் தம்பி வந்து, "அண்ணன் போயிட்டாரு" என்றார். ராயபுரத்துக் கப்பல் ஏஜெண்டு ஆபீசில் எனக்குப் பக்கத்து மேஜைக்காரர் தேவசகாயம். அவரை அறிந்து இங்கே கூடியிருக்கும் உங்களுக்கு அந்தச் செய்தி எப்படியிருந்திருக்கும் என்று எனக்குத் தெரியும்.

திருநெல்வேலிக்காரர். புழக்கத்தில் அதிகமில்லாத இங்கிலீஷ் வார்த்தைகள் என்றால் அவருக்கு உயிர். கப்பலில் ஏற்றும் உணவுப் பண்டங்களுக்கான ஒரு சொல்லை நாங்கள் வெகுகாலம் 'விக்டுவல்ஸ்' என்றே படித்துவந்தோம். ஒருநாள் கப்பல் அதிகாரி ஒருவர் சிரித்துவிட்டு, அது 'விட்டில்ஸ்' என்றார். நான் கூசிப்போனேன். இவரோ மேஜை மேஜையாகப் போய், "வே, நம்ம விட்டில் பூச்சிதானாம்! நடுவில உள்ள 'சி' எழுத்து சும்மா உக்காந்திருக்காம்" என்று சொல்லிச் சிரித்தார்.

அந்தச் சிரிப்பு ஒருநாள் அடியோடு நின்றது. எங்கள் சரக்கை இறக்கும் முனுசாமி காய்ச்சலில் ஆஸ்பத்திரியில் கிடந்தான். கொருக்குப்பேட்டையிலிருந்து அவனைப் பார்க்கப் போன மனைவி கன்னியம்மாள், நேரே எங்களிடம் ஓடிவந்தாள்.

"கட்டில்ல ஆளு இல்ல சார். வெள்ளைக்கார நர்சு கான்வலுன்னு இன்னாமோ சொல்லிச்சு."

"கன்வல்ஷனா?" என்றார் தேவசகாயம். குரல் இறங்கியது. "அது வலிப்பும்மா."

அவள் அப்படியே தரையில் உட்கார்ந்து அலறினாள். அவருக்கு ஏதோ உறுத்தியிருக்க வேண்டும். அருகில் குனிந்தார்.

"நர்ஸ் சொன்ன மாதிரியே இன்னொருக்க சொல்லும்மா."

"கான்வலசண்டு..."

"நான் சொன்னது தப்பு! இது வேற வார்த்தை, கான்வலசென்ட். நோய் தீந்து உடம்பு தேறி வாறவங்களச் சொல்லுறது. எந்திரி, போய்ப் பாப்போம்."

மூவரும் ஓடினோம். தேறி வருபவர்களுக்கான பின்கட்டு வார்டுக்கு மாற்றியிருந்தார்கள்; அங்கே முனுசாமி சாய்ந்து உட்கார்ந்து கஞ்சி குடித்துக்கொண்டிருந்தான். "இன்னா, அல்லாரும் வந்துகினு கீறீங்க?" என்றான். கன்னியம்மாள் அவனைத் திட்டிக்கொண்டே அழுதாள்.

திரும்பும் வழியில் தேவசகாயம், "அரைகுறையாக் கேட்டு அர்த்தம் சொல்லிட்டேன் வே. ஒரு பொம்பளையக் கொஞ்ச நேரம் விதவையாக்கிட்டேன்" என்றார். அதன்பின் ஆஸ்பத்திரியிலும் கோர்ட்டிலும் கேட்ட சொற்களோடு பலர் அவரைத் தேடி வந்தார்கள். தெரியாததைத் தெரியாது என்றே சொல்வார். யாரிடமாவது விசாரித்து வந்து பதில் தருவார்.

அவருடைய சவப்பெட்டியைத் தூக்கியவர்களில் முனுசாமியும் இருந்தான். அவன் மகள் இப்போது நர்சுக்குப் படிக்கிறாள்.

நேற்று ஆபீசில் புதிய துரை ஏதோ ஒரு சொல்லைச் சொன்னார். எல்லோரும் தலையாட்டினார்கள். நான் எழுந்து, எனக்கு விளங்கவில்லை என்றேன். அவர் நிறுத்தி நிதானமாக விளக்கினார். கேட்கத் தயங்கியிருந்த நாலைந்து முகங்கள் தெளிந்தன. தேவசகாயத்திடமிருந்து அந்தத் துணிச்சலை நான் வைத்துக்கொண்டேன்.